முக்கால் ரூபாய் வட்டி

பழவேற்காட்டுக் குப்பங்களில் வட்டியை ஆண்டுக் கணக்கில் யாரும் சொல்வதில்லை. நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பதுதான் பேச்சு. நகையை வைத்தால் இரண்டு ரூபாய் வட்டி, கைமாற்று என்றால் மூன்று ரூபாய், ராத்திரியில் கதவைத் தட்டி வாங்கினால் ஐந்து ரூபாய். பொன்னேரிப் பக்கம் ஒரு வங்கிக் கிளையில் வீட்டுக் கடன் பிரிவில் நான் இருந்த காலத்தில், கடன் கேட்டு வருபவரிடம் “ஒன்பது சதவீதம்” என்று சொன்ன மறுநொடியே மனசுக்குள் பன்னிரண்டால் வகுத்துவிட்டு, “முக்கால் ரூபா வட்டிதானே சார், வாங்கிக்கலாம்” என்பார்கள். கணக்கில் பிழையில்லை. நூற்றுக்கு மாதம் எழுபத்தைந்து பைசாதான். மூன்று ரூபாய்க்கு வாங்கிப் பழகியவருக்கு அது வட்டியாகவே தோன்றாது.

ஆனால் மூன்று ரூபாய்க்கு வாங்கியவர், நாலு நாள் இறால் நன்றாகப் பட்டதும் முதல் வேலையாக அதைத் தீர்க்கப் பார்ப்பார். முக்கால் ரூபாய் வட்டி யாரையும் அவசரப்படுத்தாது; இருபது ஆண்டு கூடவே இருக்கும். வீட்டுக் கடனில் குடும்பத்தைக் கரைப்பது வட்டி விகிதத்தைவிட, அந்தக் கடன் வீட்டில் தங்கியிருக்கும் காலம்தான். இந்த ஒன்றைப் புரியவைப்பதையே என் வேலையின் முக்கியப் பகுதியாக நினைத்து வந்திருக்கிறேன். ஓய்வு பெற்ற பிறகும் பத்திரமும் பாஸ்புக்குமாக வருகிறவர்களோடு உட்கார்ந்து இதே கணக்கைத்தான் போடுகிறேன்.

பத்து லட்ச ரூபாய்க் கடன், ஒன்பது சதவீத வட்டி, இருபது ஆண்டு. மாதத் தவணை 8,997 ரூபாய். 240 தவணையும் கட்டி முடிக்கும்போது கையைவிட்டுப் போயிருப்பது ஏறத்தாழ 21,59,000 ரூபாய். அதில் வட்டி மட்டும் 11,59,000. வாங்கிய அசலைவிட வட்டி அதிகம். முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பார்த்தால் 7,500 ரூபாய் வட்டிக்கும் 1,497 ரூபாய் அசலுக்கும் போகிறது.

இந்தப் பிரிவினையைக் கடன் வாங்கும் நாளில் யாரும் பார்ப்பதில்லை. சில ஆண்டு கழித்துத்தான் பார்க்கிறார்கள். கோட்டைக்குப்பத்திலிருந்து ஓர் அம்மா வந்தார். கரையில் இறால் வாங்கிச் சந்தைக்குக் கொண்டுபோய் விற்பவர். கணக்கு அறிக்கையை மேசைமேல் வைத்துவிட்டு நின்றுகொண்டே கேட்டார்: “இன்னா சார் இது? அஞ்சு வருசமா ஒரு மாசம் தப்பாம கட்டிக்கினு வரேன். அஞ்சேகால் லட்சத்துக்கு மேல கட்டிட்டேன். வாங்கினது பத்து லட்சம். இன்னும் எட்டேமுக்கா லட்சத்துக்கு மேல காட்டுது. என் துட்டு எங்க போச்சு?”

“உட்காருங்கம்மா” என்று ஒரு வெள்ளைத்தாளில் நான்கு கட்டம் போட்டேன். தவணை, வட்டி, அசல், பாக்கி. முதல் மாதம் பத்து லட்சத்துக்கு வட்டி 7,500. மீதி 1,497 அசலில் கழிந்தது. அடுத்த மாதம் 9,98,503 ரூபாய்க்கு வட்டி. பதினோரு ரூபாய், பன்னிரண்டு ரூபாயாக வட்டி குறைகிறது, அதே அளவு அசல் கூடுகிறது. ஆறேழு வரி எழுதியதும் பேனாவை அவரிடமே கொடுத்தேன். அடுத்த வரியை அவரே போட்டார். கிலோ, எடை, கழிவு என்று தினமும் கணக்குப் பார்க்கிறவருக்கு இது பெரிய வேலையில்லை. ஐந்தாம் ஆண்டு முடிவில் கட்டிய 5,39,800 ரூபாயில் சுமார் 4,27,000 வட்டி, 1,13,000 அசல். பாக்கி 8,87,000. யாரும் ஏமாற்றவில்லை. மிச்சமிருக்கும் அசலுக்கு அந்தந்த மாதம் வட்டி என்பதுதான் ஏற்பாடு. ஆரம்பத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கிறது. பத்தாம் ஆண்டு முடிவில், பாதிக் காலம் கடந்த பிறகும், 7,10,000 ரூபாய் பாக்கி நிற்கும்.

அவர் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்: “அப்போ நான் இப்ப தவணைக்கு மேல ஒரு பத்தாயிரம் கட்டினா, அதுல வட்டி புடிப்பீங்களா, முழுசும் அசல்ல கழியுமா?”

வீட்டுக் கடனில் கேட்க வேண்டிய கேள்வி அதுதான். தவணை பாக்கியில்லாத கணக்கில் கூடுதலாகக் கட்டும் பணம் முழுக்க அசலில் கழியும். அந்த அசல் மீதிக் காலம் முழுவதும் சாப்பிட இருந்த வட்டியும் சேர்ந்து கழியும்.

பத்து லட்சத்தை இருபது ஆண்டுக்குப் பதில் பதினைந்து ஆண்டில் அடைத்தால் தவணை 10,143 ரூபாய். மாதம் 1,146 ரூபாய்தான் கூடுதல். ஆனால் மொத்த வட்டியில் 3,33,000 ரூபாய்க்கு மேல் மிச்சம். மாதச் சம்பளக்காரரிடம் கண்ணை மூடிக்கொண்டு பதினைந்து ஆண்டு என்று சொல்லிவிடுவேன். ஏரியை நம்பிப் பிழைக்கிற குடும்பத்திடம் அப்படிச் சொல்ல மனம் வராது.

பழவேற்காடு ஏரி, சிலிகாவுக்கு அடுத்து நாட்டின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி. கடல் நீர் முகத்துவாரம் வழியாக வந்து போனால்தான் ஏரிக்கு உயிர். வாயில் மணல் மூடினால் மீனும் இறாலும் குறைந்துவிடும். திறந்திருக்கும் காலத்திலும் எல்லோருக்கும் எல்லா நாளும் பாடு கிடையாது. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர் மாதாகுப்பம் போன்ற ஊர்களில் பாடு முறை உண்டு. இன்ன இடத்தில் இன்ன நாள் இன்னார் வலை கட்டலாம் என்று முறை வைத்திருக்கிறார்கள். ஏரி எல்லோருக்கும் பொது என்பதைச் சண்டையில்லாமல் காப்பாற்றிய நல்ல ஏற்பாடு அது. ஆனால் முறை வரும் நாளில் வருமானம், வராத நாளில் வேறு வழி என்பதுதான் அதன் கணக்கு. வடகிழக்குப் பருவமழையில் புயல் எச்சரிக்கை வந்தால் படகு கரையில். ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் ஏவும் நாளிலும் மீன்பிடிக்கப் போகக் கூடாது. வருமானம் இப்படி வர, தவணை மட்டும் மாதாமாதம் அதே தேதியில் வங்கிக் கணக்கிலிருந்து எடுக்கப்படும். கணக்கில் பணமில்லையென்றால் திரும்பிய தவணைக்குத் தனிக் கட்டணம்.

முக்கால் ரூபாய் வட்டிக்கு உண்மையில் என்ன விலை என்பதை இங்கேதான் நான் கற்றுக்கொண்டேன். தேதி நெருங்குகிறது, கையில் இல்லை. பக்கத்து வீட்டில் மூன்று ரூபாய் வட்டிக்கு வாங்கி வங்கியில் கட்டுகிறார்கள். அல்லது இறால் ஏஜென்டிடம் அட்வான்ஸ் வாங்குகிறார்கள். அட்வான்ஸுக்கு வட்டி என்று எதுவும் எழுதுவதில்லை. இறால் முழுவதையும் அவருக்கே போட வேண்டும், அவர் வைத்ததே விலை. கணக்குக்காக இப்படி வைத்துக்கொள்வோம். வருடத்தில் மூன்று தவணை, ஏறத்தாழ 27,000 ரூபாய், கைமாற்றில் கட்டப்படுகிறது. ஒவ்வொன்றும் மூன்று மாதத்தில் அடைகிறது. வருடத்துக்கு வட்டி 2,430 ரூபாய். ஏஜென்ட் கிலோவுக்கு 30 ரூபாய் குறைத்து வருடத்துக்கு 300 கிலோ எடுத்தால் 9,000 ரூபாய். இரண்டும் சேர்ந்து இருபது ஆண்டில் 2,28,600 ரூபாய். வங்கியின் எந்த அறிக்கையிலும் இந்தத் தொகை வராது. வங்கிக் கணக்கு ஒரு தவணை தவறாத நல்ல கணக்காகவே இருக்கும். அந்த நல்ல பெயருக்கு இறால் விலையில் காசு கொடுத்துக்கொண்டிருப்பார்கள்.

அதனால் நான் சொல்லும் வழி வேறு. தவணையை நல்ல மாதத்து வருமானத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். வருடத்திலேயே மோசமான மாதத்தில் கைமாற்றில்லாமல் எவ்வளவு கட்ட முடியுமோ அதுதான் உங்கள் தவணை. அதற்காகக் காலத்தைக் கொஞ்சம் நீட்டினாலும் பரவாயில்லை. மூன்று தவணைப் பணத்தைத் தனியாக ஒரு கணக்கில் போட்டுவையுங்கள். இறால் படும் மாதங்களில் அந்த நிதியை நிரப்பிவிட்டு, மிஞ்சுவதைக் கொண்டுபோய் அசலில் கட்டுங்கள். தனிநபர் வாங்கும் மிதக்கும் வட்டி வீட்டுக் கடனில், முன்கூட்டியே கட்டி முடிப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. அந்தப் பத்து லட்சக் கடனில் வருடத்துக்கு ஒரே ஒரு முறை 20,000 ரூபாய் கூடுதலாகக் கட்டினால், 240 மாதக் கடன் 14 ஆண்டுக்குள் தீர்ந்துவிடும். கூடுதலாகக் கட்டியது 2,60,000 ரூபாய். மொத்தத்தில் மிச்சமாவது சுமார் 4 லட்சம்.

பணத்தைக் கட்டும்போது கூடவே ஒரு கடிதமும் கொடுங்கள். தவணைத் தொகையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறைக்கவும் என்று எழுதி, நகலில் கிளை முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தவணையைக் குறைத்தால் கடன் பழையபடி இருபது ஆண்டும் நிற்கும்; மிச்சமாவது கொஞ்சம்தான்.

மிதக்கும் வட்டி என்றால் ஏறும், இறங்கும் என்று எல்லோருக்கும் தெரியும். ஏறினால் கடனுக்குள் என்ன நடக்கிறது என்பது 2022-ல்தான் பலருக்குத் தெரிந்தது. அந்த ஆண்டு மே மாதம் 4 சதவீதமாக இருந்த, வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி தரும் கடனுக்கான ரெப்போ வட்டி விகிதம் 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமாக ஏறியது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் புதிதாகத் தரும் மிதக்கும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைந்தவை. அந்த இரண்டரை சதவீதமும் நேராகக் கடனில் வந்து உட்கார்ந்தது. ஏழு சதவீதத்தில் பத்து லட்சம் வாங்கியவரின் தவணை 7,753 ரூபாய். ஓராண்டு கட்டிய பிறகு பாக்கி 9,76,200. இப்போது வட்டி 9.5 சதவீதம் என்றால் ஒரு மாத வட்டியே 7,728 ரூபாய். அசலில் கழிவது 25 ரூபாய். ஓட்டை விழுந்த படகில் தண்ணீரை இறைத்துக்கொண்டே உட்கார்ந்திருப்பது போலத்தான். மூழ்காது, நகரவும் நகராது. அதே தவணையைத் தொடர்ந்தால் கடன் தீர இன்னும் 60 ஆண்டு ஆகும்.

வட்டி ஏறும்போது வங்கிகள் பெரும்பாலும் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிடும். பையிலிருந்து போகும் தொகை மாறாததால் வீட்டில் யாருக்கும் தெரியாது. இதற்குத்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டவா, காலத்தை நீட்டவா, இரண்டும் கலந்தா என்பதைக் கடன் வாங்கியவர் தேர்ந்தெடுக்க வாய்ப்பு தர வேண்டும். எத்தனை தவணை பாக்கி, இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும். அந்த அறிக்கையைக் கேட்டு வாங்குங்கள். அதில் முதலில் பார்க்க வேண்டியது மீதித் தவணை எண்ணிக்கை. மூன்று மாதத்தில் அந்த எண் மூன்று குறையவில்லையென்றால் வங்கிக்குப் போய்க் காரணம் கேட்க வேண்டும்.

தவணையைத் தள்ளிப்போடுவதற்கும் விலை உண்டு. கொரோனா காலத்தில், 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரை, தவணை கட்டாமல் ஒத்திவைக்க ரிசர்வ் வங்கி அனுமதித்தது. இறால் வாங்க ஆளில்லாத அந்த மாதங்களில் அது பெரிய ஆறுதல். ஆனால் அந்த ஆறு மாதமும் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது. புதிதாகப் பத்து லட்சம் வாங்கியவர் ஆறு தவணையை ஒத்திவைத்தால் சுமார் 45,000 ரூபாய் அசலோடு சேரும். பிறகு பழைய தவணையையே கட்டினால் 240-க்குப் பதில் ஏறத்தாழ 274 தவணை கட்ட வேண்டும். ஆறு மாத ஓய்வுக்கு 34 மாதக் கூடுதல் உழைப்பு, மூன்று லட்ச ரூபாய். வயிற்றுப்பாட்டுக்கு வேறு வழியில்லாதவர் ஒத்திவைத்தது சரியே. முடிந்த பிறகு அந்த 45,000-ஐ முதல் நல்ல பருவத்திலேயே கட்டிவிட வேண்டும் என்பதுதான் யாரும் எடுத்துச் சொல்லாமல் விட்டது.

கடனோடு ஒட்டிக்கொண்டு வரும் இன்னொரு செலவு காப்பீடு. 50,000 ரூபாய் பிரீமியத்தை மொத்தமாகக் கடனில் சேர்த்துவிட்டால், ஒன்பது சதவீதத்தில் இருபது ஆண்டில் அது 1,08,000 ரூபாய் ஆகிறது. தண்ணீரில் தொழில் செய்பவருக்குக் காப்பீடு கண்டிப்பாக வேண்டும். அதில் எனக்கு இரண்டாம் கருத்தே இல்லை. ஆனால் அதைக் கடனிலிருந்து பிரித்து, ஆண்டுதோறும் கட்டும் டேர்ம் பாலிசியாக எடுங்கள். பிரதமரின் ஜீவன் ஜோதி திட்டத்தில் ஆண்டுக்கு 436 ரூபாய்க்கும், சுரக்‌ஷா விபத்துத் திட்டத்தில் 20 ரூபாய்க்கும் தலா இரண்டு லட்சம் காப்பீடு உண்டு. இவை போதாது, ஆனால் இவைகூட இல்லாமல் இருக்கக் கூடாது.

குப்பத்து வீடுகளில் பலவற்றுக்குப் பட்டா இல்லை, அல்லது கிராம நத்தத்தில் இருக்கின்றன. 2004 சுனாமிக்குப் பிறகு கிடைத்த வீடுகள் போல, அரசு ஒப்படைத்த மனைகளில் பெரும்பாலும் விற்பதற்குக் கட்டுப்பாடு இருக்கும். கடற்கரை ஒழுங்குமுறை மண்டல விதிகளும் உண்டு. மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா மூன்றும் ஒன்றுக்கொன்று பொருந்தாவிட்டால் வங்கி பின்வாங்கும். அப்போது, காகிதம் குறைவாகக் கேட்டு அதிக வட்டி வாங்கும் நிறுவனத்தைத் தேடிப் போகிறார்கள். பத்து லட்சத்துக்கு 14 சதவீதம் என்றால் தவணை 12,435 ரூபாய்; இருபது ஆண்டில் 29,84,000. ஒன்பது சதவீதக் கடனைவிட எட்டேகால் லட்சம் கூடுதல். பட்டாவைச் சரிசெய்ய தாலுகா அலுவலகத்துக்கு ஒரு வருடம் அலைவது வீண் அலைச்சல் போலத் தெரியும். அந்த அலைச்சலுக்கு எட்டேகால் லட்சம் கூலி என்று நினைத்துக்கொள்ளுங்கள் என்பேன்.

2024 அக்டோபர் முதல் எல்லாச் சில்லறைக் கடனுக்கும் கையெழுத்துக்கு முன்பே முக்கிய விவரத் தாள் தர வேண்டும் என்பது விதி. செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்து, காப்பீடு என எல்லாச் செலவும் சேர்ந்த ஆண்டு விகிதம் அதில் ஒரே எண்ணாக இருக்கும். இரண்டு இடங்களில் விசாரித்தால் அந்த எண்களைத்தான் ஒப்பிட வேண்டும். விளம்பரப் பலகையில் இருக்கும் வட்டியை அல்ல.

வீட்டுக்கும் ஒரு தவணை உண்டு. உப்புக் காற்றில் கம்பி துருப்பிடித்து, கூரையின் சிமென்ட் பெயர்ந்து விழும். 2016 வர்தா, 2023 மிக்ஜாம் போல ஒரு புயல் வந்தால் ஜன்னலும் மின்கம்பியும் போகும். கடன் முடிவதற்குள் இரண்டு முறையாவது பெரிய பழுதுபார்ப்பு வரும் என்று சொல்லிவைப்பேன். அதற்கு ஒதுக்காதவர், பழைய கடன் மேலேயே டாப்-அப் கடன் வாங்குகிறார். அதோடு காலமும் மறுபடி நீள்கிறது.

கடைசித் தவணையோடு வேலை முடியாது. 2023 டிசம்பர் முதல், கடன் தீர்ந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரம் கைக்கு வந்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி.யை, அதாவது பத்திரத்தை ஒப்படைத்து வைத்த அடமானப் பதிவை, ரத்துசெய்யும் ரசீதைப் பதிவு செய்து, புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்க வேண்டும். அதில் வங்கியின் அடமானம் தீர்ந்ததாகப் பதிவாகியிருந்தால்தான் வீடு முழுக்க உங்களுடையது.

இவையெல்லாம் கடன் வாங்குபவர் செய்ய வேண்டியவை. கடன் கொடுப்பவர்களிடமும் எனக்கு ஒரு கோரிக்கை இருக்கிறது. விவசாயியின் குறுகிய காலப் பயிர்க் கடன், இரண்டு பருவம் நிலுவையில் நின்ற பிறகே வாராக் கடன் ஆகிறது. விவசாயிக்கு வீட்டுக் கடனிலும் அறுவடையை ஒட்டி அரையாண்டுத் தவணை வைக்கும் வழக்கம் சில வங்கிகளில் உண்டு. ஏரி மீனவரின் வீட்டுக் கடனோ 90 நாளில் வாராக் கடனாகி, அடமானச் சொத்தைக் கைப்பற்ற வழிசெய்யும் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸுக்குப் போய்விடலாம். கிசான் கடன் அட்டையை மீனவருக்கும் நீட்டித்து, மீன்பிடிப்பும் பருவத் தொழில்தான் என்று அரசே ஒப்புக்கொண்டிருக்கிறது. வீட்டுக் கடனிலும் அதை ஒப்புக்கொள்ள வேண்டும். இறால் படும் மாதங்களில் பெரிய தவணை, மழை மாதங்களில் வட்டி மட்டும் என்று வைத்தால் வங்கிக்கு ஒரு ரூபாய்கூட நஷ்டமில்லை. ஏஜென்டிடம் அட்வான்ஸ் வாங்கி வங்கியில் கட்டும் நிலை மாறும். இந்தக் கரையின் குடும்பங்கள் பணத்தைத் திருப்பித் தராதவர்கள் அல்ல; வட்டிக்கு வாங்கியாவது தவணை கட்டுகிறவர்கள். அவர்களுடைய வருமானம் வரும் நாளைப் பார்த்துத் தவணைத் தேதியை வைக்க வேண்டியது கடன் கொடுப்பவரின் கடமை.